பதினொரு முறை தானாகச் சரியானது

அன்று பிற்பகல் இரண்டு மணிக்கு அலுவலகத்தின் முன்கூடத்தில் இருந்தவர்கள் ஐந்து பேர். அவர்கள் உட்கார்ந்திருந்த இடங்கள் பின்வருமாறு:

வரவேற்பு மேசைக்குப் பின்னால், சுழல் நாற்காலியில், தணிக்கையாளர். அவருக்கு வலப்பக்கம், மடிக்கணினியை மடியில் வைத்துக்கொண்டு, சாவிக்கொத்து. இடப்பக்கம் மேலாளர் அம்மா. சுவரோரம், இரண்டு தொலைபேசிகளுக்கு நடுவே, வாடிக்கையாளர் அழைப்புகளை எடுக்கும் ஹலோ அண்ணன். விருந்தினர் சோபாவின் நுனியில், தன் சொந்த அலுவலகத்திலேயே யாரையோ பார்க்க வந்து காத்திருப்பவர் போல, வரவேற்பு அக்கா.

அக்காவின் நாற்காலி தணிக்கையாளருக்குப் போனதற்குக் காரணம் கூட்ட அறையின் ஏசி. அது காலையிலிருந்து மேசை நடுவில் சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தது. தணிக்கையாளர் பருமனானவர், கைப்பிடி உள்ள, சுழலுகிற, முதுகு சாய்கிற நாற்காலி அலுவலகத்தில் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. உட்கார்ந்ததும் தன் கோப்பை அக்காவின் கணினித் திரைமேல் சாய்த்து வைத்தார். அத்துடன் அந்த இடம் அவருடையதாகிவிட்டது.

நிறுவனத்தின் தொழில், மருத்துவமனைகளின் பரிசோதனை முடிவுகளை நோயாளிகளின் கைபேசிக்கு அனுப்புவது. அதற்கான சர்வர்கள் எதுவும் அலுவலகத்தில் கிடையாது. எங்கோ ஓர் ஊரில், யாருடைய கட்டடத்திலோ, வாடகைக்கு ஓடிக்கொண்டிருந்தன. கிளவுட் என்று சொல்வார்கள். எந்தச் சர்வரை யார் பார்க்கலாம், யார் தொடலாம், யார் அழிக்கலாம் என்று அனுமதி கொடுப்பதும் பிடுங்குவதும் சாவிக்கொத்தின் வேலை. அவர் பையில் வீட்டுச் சாவியைத் தவிர வேறு சாவி கிடையாது. பெயர் அப்படி நிலைத்துவிட்டது.

"எல்லாம் சரியா இருக்குன்னு இன்னைக்கு அஞ்சு மணி கூரியர்ல என்னோட கடிதம் போகணும். சரிதானே?" என்றார் தணிக்கையாளர்.

"போகலைன்னா எட்டு ஆஸ்பத்திரியும் நாளைக்கு வேற கம்பெனிக்குப் போயிடும் சார்," என்றார் மேலாளர் அம்மா. அந்த எட்டு மருத்துவமனைகளுக்கும் பொதுவான நிர்வாகம் மின்னஞ்சலை நம்பாது. கையெழுத்தும் முத்திரையும் உள்ள காகிதம், ஒட்டிய உறையில், கையில் வந்து சேர வேண்டும்.

பிறகு அவர் எழுந்து சுற்றி வந்து, சாவிக்கொத்தின் பக்கம் குனிந்து, தணிக்கையாளர் காதில் விழாத குரலில் சொன்னார்: "பொறுப்பாளர்னு ஃபாரத்துல கையெழுத்துப் போட்டது நீங்க. கடிதம் போகலைன்னா நான் உங்களைக் காப்பாத்த முடியாது. என்னையே யாரும் காப்பாத்த மாட்டாங்க."

சாவிக்கொத்து தலையசைத்தார். அவருக்குப் பயமில்லை. ஆறு வருடங்களாகத் தான் செய்த ஒவ்வொரு மாற்றத்தையும் தேதி, மணி, காரணம் என்று கோடு போட்ட நோட்டில் எழுதி வைத்திருப்பவர் எதற்குப் பயப்பட வேண்டும்?

தணிக்கையாளர் அனுமதிப் பட்டியலைப் பார்த்தார். "ஒரு வடிவமைப்பாளர் அம்மா பேரு இருக்கு. யாரு அவங்க?"

"அவங்க வேலையை விட்டுப் போய் ரெண்டு வருஷம் ஆச்சு சார்."

"போனவங்களுக்கு எதுக்கு உள்ள வர அனுமதி? மேலாளர் அம்மாவுக்கு எல்லாச் சர்வரையும் அழிக்கிற அனுமதி இருக்கே, அது எதுக்கு?"

"நான் எதையும் அழிச்சதில்லையே!" என்றார் மேலாளர் அம்மா.

"அழிக்காதவங்களுக்கு அது எதுக்கும்மா? தேவைக்கு மேல ஒரு அனுமதி கூட யார்கிட்டயும் இருக்கக் கூடாது. அதான் என் ஒரே விதி."

"அஞ்சே நிமிஷம் சார்," என்றார் சாவிக்கொத்து. மேலாளர் அம்மாவின் அனுமதியைப் பிடுங்கினார். வடிவமைப்பாளரின் பெயரை அழித்தார். நோட்டில் எழுதினார்: இரண்டு மணி பதினெட்டு நிமிடம்.

இரண்டு மணி இருபது நிமிடத்துக்கு ஹலோ அண்ணனின் இடப்பக்கத் தொலைபேசி அடித்தது. இருபத்தொன்றுக்கு வலப்பக்கம்.

"ஹலோ... ஹலோ... என்னது, எதுவுமே போகலையா?" அண்ணன் வாயைக் கையால் பொத்திக்கொண்டு திரும்பினார். "தம்பி, ரத்தப் பரிசோதனை முடிவு ஒண்ணுகூடப் போகலையாம். சர்வர் நின்னுருச்சா?"

நின்றுதான் போயிருந்தது. மனிதர்களுக்கு அடையாள அட்டை இருப்பதுபோல, சர்வர்களுக்கும் தமக்கென்று ஓர் அடையாளம் உண்டு. அதை ரோல் என்பார்கள். அந்த ரோலுக்கு உள்ள அனுமதியை வைத்துத்தான் சர்வர் வேலை செய்யும். முடிவுகளை அனுப்பும் சர்வருக்கு மட்டும், அதை முதலில் ஓடவிட்ட நாளின் அவசரத்தில், ரோல் உண்டாக்காமல், வடிவமைப்பாளரின் பெயரையே மாட்டிவிட்டிருந்தார்கள். அந்த அம்மா வேலையை விட்டுப் போன பிறகும் இரண்டு வருடங்கள், ஒரு நாள் விடுப்புகூட எடுக்காமல், அவர் பெயர் இங்கே வேலை பார்த்திருக்கிறது.

"சர்வருக்குன்னு தனியா ஒரு ரோல் போட்டுட்டா முடிஞ்சது சார். சின்ன வேலை," என்றார் சாவிக்கொத்து.

"சார், ஒரே நிமிஷம் அந்தச் சீட்டுல..." என்று அக்கா சோபாவிலிருந்து எழுந்தார்.

முன்கூடத்துச் சுவரில் பெரிய திரை ஒன்று உண்டு. வருகிறவர்களை வரவேற்கும் வாசகம் அதில் ஓடும். அதை மாற்றுவது அக்காவின் கணினியிலிருந்து. அப்போதும் அதில் 'காலை வணக்கம்' ஓடிக்கொண்டிருந்தது.

"இப்ப அது எதுக்குக்கா? மணி மூணாகப் போகுது, இனிமே காலை வணக்கம் இருந்தா என்ன, மாலை வணக்கம் இருந்தா என்ன?" என்றார் சாவிக்கொத்து, தலையைத் தூக்காமல்.

அக்கா உட்கார்ந்தார். பிறகு எழுந்து உள்ளே போய் ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து தணிக்கையாளருக்குக் கொடுத்தார்.

"நல்ல பழக்கம்மா," என்று வாங்கிக் குடித்தார் அவர்.

சர்வருக்கு ரோல் உண்டாக்கும்போதே, மீதித் தணிக்கைக் குறைகளையும் ஒரே வீச்சில் முடித்துவிடலாம் என்று சாவிக்கொத்துக்குத் தோன்றியது. 'பார்வை மட்டும்' என்று ஒரு குழு உண்டாக்கினார். அதில் உள்ளவர்கள் எல்லாவற்றையும் பார்க்கலாம். எதையும் தொட முடியாது. அலுவலகத்தில் உள்ள பதினான்கு பேரையும் அதில் போட்டார். தேவையானவர்களைப் பிறகு ஒவ்வொருவராக வெளியே எடுப்பது அவர் திட்டம். 'சேமி' என்பதை அழுத்தினார்.

பிறகு முதல் ஆளை வெளியே எடுக்கப் போனார்.

உங்களுக்கு அனுமதி இல்லை என்றது திரை.

பதினான்கு பேரில் ஒருவர் சாவிக்கொத்து.

அவர் இன்னொரு முறை அழுத்தினார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மூன்றாவது முறையும் அழுத்தினார்.

"என்னாச்சு?" என்றார் மேலாளர் அம்மா.

"ஒண்ணுமில்ல மேடம். நான் வெளியே நின்னு கதவைப் பூட்டிச் சாவியை உள்ளே போட்டுட்டேன்."

"அப்ப என் பர்மிஷனை வெச்சுத் திறங்க."

"உங்களோடதைத்தான் அரை மணி நேரம் முன்னாடி பிடுங்கினேன்."

தணிக்கையாளர் சாவிக்கொத்தின் திரையில் பட்டியலைப் புதுப்பிக்கச் சொல்லிப் பார்த்தார். அவர் முகம் மலர்ந்தது. "அற்புதம்! தேவைக்கு மேல அனுமதி உள்ளவங்க இந்தக் கம்பெனியில ஒருத்தர்கூட இல்ல. முப்பது வருஷத்துல இப்படி ஒரு பட்டியல் நான் பார்த்ததில்ல."

"தேவைக்கே யார்கிட்டயும் இல்ல சார்," என்றார் சாவிக்கொத்து.

"அது என் விதியில வராது."

இரண்டு தொலைபேசிகளும் சேர்ந்து அடித்தன. உள்ளறையிலிருந்து "எனக்குத் திறக்க மாட்டேங்குது", "எனக்கும்தான்" என்று குரல்கள் வந்தன.

அக்கா மறுபடி எழுந்தார். "சார், நான் அங்க உக்காந்தா ரெண்டே நிமிஷம்..."

"அக்கா!" மேலாளர் அம்மாவின் குரல் உயர்ந்தது. "ஆபீஸே நின்னு கிடக்கு. உங்களுக்கு வணக்கம்தான் முக்கியமா?"

அக்கா உள்ளே போய் இன்னொரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்தார். தணிக்கையாளருக்கு.

சாவிக்கொத்துக்கு இதற்கும் ஒரு வழி இருந்தது. முறையாக வேலை செய்கிறவர் அவர். எல்லாரும் பூட்டிக்கொண்டால் திறப்பதற்கென்று ஓர் அவசரக் கணக்கு ஆறு வருடங்களுக்கு முன்பே உண்டாக்கியிருந்தார். அதன் கடவுச்சொல் அரக்கு வைத்த உறையில் மேலாளர் அம்மாவின் அலமாரியில் இருந்தது. அரக்கை உடைத்தார்கள். கடவுச்சொல்லைப் போட்டார்கள். பதிவு செய்த கைபேசிக்கு ஆறு இலக்க எண் ஒன்று அனுப்பப்பட்டுள்ளது, இரண்டு நிமிடத்துக்குள் அதைப் போடவும் என்றது திரை.

"யாரோட போன்?" என்றார் மேலாளர் அம்மா.

சாவிக்கொத்து நோட்டைப் புரட்டினார். அந்தக் கணக்கை உண்டாக்கிய வாரம் அவருடைய கைபேசி பழுதாகி இருந்தது. "என் வீட்டம்மா போன்."

அவர் மனைவியை அழைத்தார்.

"இப்ப உன் போனுக்கு ஒரு நம்பர் வந்திருக்கும். ஆறு இலக்கம். சீக்கிரம் சொல்லு."

"யாரு பேசறது?"

"யாரா? நான்தான்!"

"நான்தான்னா?"

"உன் புருஷன்!"

"எல்லாத் திருடனும் இப்படித்தான் ஆரம்பிப்பான்னு எங்க வீட்டுக்காரர் சொல்லியிருக்காரு. 'நானே கேட்டாலும் ஓடிபி சொல்லாதே, குரலை மாத்திப் பேசற மெஷின் வந்துருச்சு'ன்னு ஃபிரிட்ஜ்ல எழுதியே ஒட்டியிருக்காரு."

"அதை எழுதினதே நான்தான்!"

"அப்படியா? அப்ப நம்ம கல்யாண நாளைச் சொல்லுங்க பார்ப்போம்."

நோட்டின் முதல் பக்கத்தில் முக்கியத் தேதிகள் எல்லாம் இருந்தன. சாவிக்கொத்து ஒரு நொடிகூடத் தயங்காமல் தேதி, மாதம், வருடம், கிழமை எல்லாவற்றையும் சொன்னார்.

"அப்ப நிச்சயமா நீ அவரு இல்ல," என்றார் மனைவி. "அவருக்கு அது ஒரு வருஷம்கூட ஞாபகம் இருந்ததில்ல. போனை வைடா!"

இரண்டாவது எண் வந்தபோது மனைவி அழைப்பை எடுக்கவில்லை. மூன்றாவதுக்கு எடுத்தார். "இன்னொரு தடவை கூப்பிட்டா எங்க அண்ணன்கிட்டச் சொல்லிடுவேன்," என்றார். அவருடைய அண்ணன் முன்கோபி. சாவிக்கொத்து தானாகவே அழைப்பைத் துண்டித்தார்.

அதிக முயற்சிகள் செய்ததால் இந்தக் கணக்கு நாளை இதே நேரம் வரை முடக்கப்பட்டுள்ளது என்றது திரை.

மணி மூன்று முப்பத்தைந்து.

"இனிமே என்ன வழி?" என்றார் மேலாளர் அம்மா. அவர் குரலில் கோபம் தீர்ந்து வேறு ஏதோ வந்திருந்தது. அதுதான் சாவிக்கொத்தைக் கலக்கியது.

"ஒண்ணு இருக்கு மேடம். நாம ஒண்ணும் செய்ய வேண்டாம். தானாச் சரியாயிடும்."

தணிக்கையாளர் பேனாவை எடுத்தார். "தானான்னா?"

"வேலைக்குச் சேர்ந்த புதுசுல நான் ஒரு புரோகிராம் எழுதினேன் சார். திடீர்னு எல்லாரோட அனுமதியும் போச்சுன்னா, அன்னைக்குக் காலையில எப்படி இருந்ததோ அப்படியே அது திருப்பி வெச்சுடும். மீட்புன்னு அதுக்குத் தனி ரோல். அப்ப இங்க இருந்த பழைய டெக்னீஷியன் அண்ணன்கிட்டக் கொடுத்தேன், அவரு சர்வர்ல ஏத்திட்டாரு. இதுவரைக்கும் பதினொரு தடவை இந்த மாதிரி ஆயிருக்கு. பதினொரு தடவையும் பத்து நிமிஷத்துல தானாச் சரியாயிருக்கு. தேதி சொல்லட்டுமா?"

"பதினொரு தடவை உங்களை நீங்களே வெளியே வெச்சுப் பூட்டியிருக்கீங்களா?" என்றார் மேலாளர் அம்மா.

"அதை அப்படிப் பார்க்கக் கூடாது மேடம். பதினொரு தடவை சோதிச்சுப் பார்த்திருக்கோம்."

"சரி, பத்து நிமிஷம்தானே? பார்ப்போம்," என்றார் தணிக்கையாளர். நாற்காலியில் இன்னும் நன்றாகச் சாய்ந்துகொண்டார்.

பத்து நிமிடம் ஆனது. பதினைந்து ஆனது. சாவிக்கொத்து அரை நிமிடத்துக்கு ஒரு முறை பக்கத்தைப் புதுப்பித்தார். அனுமதி இல்லை. ஹலோ அண்ணன் ஒரு காதில் ஒரு மருத்துவமனை, மறு காதில் இன்னொன்று என்று இரண்டையும் தோளில் இடுக்கிக்கொண்டு, "வந்துடும் சார், வந்துக்கிட்டே இருக்கு டாக்டர்," என்று மாறி மாறிச் சொல்லிக்கொண்டிருந்தார். யாரோ ஒருவருடைய தாயாருக்கு இன்று முடிவு தெரிய வேண்டும் என்று ஒரு குரல் தொலைபேசிக்கு வெளியிலும் கேட்டது. சாவிக்கொத்து நோட்டை மூடி வைத்தார். ஆறு வருடத்தில் முதல் முறையாக அவருக்கு அதில் எழுத ஒன்றும் இல்லை.

அக்கா மூன்றாவது டம்ளர் கொண்டுவந்தார். கொஞ்ச நேரத்தில் நான்காவது.

"போதும்மா," என்றார் தணிக்கையாளர்.

"ஏசி இல்லாத இடம் சார். உடம்புல தண்ணி வத்திடும். குடிங்க."

அவர் குடித்தார். ஐந்தாவதையும் குடித்தார். ஆறாவது பாதியில் இருந்தபோது மணி நான்கு பத்து. கால்மேல் கால் போட்டிருந்தவர் காலை இறக்கினார். பிறகு மறுபடி போட்டார். பிறகு எழுந்தே விட்டார்.

"இங்க, அது, எந்தப் பக்கம்?"

"நேராப் போய்க் கடைசிக் கதவு சார். லைட் சுவிட்ச் வெளியில இருக்கு," என்றார் அக்கா.

அவர் தலை மறைந்ததும் அக்கா தன் நாற்காலியில் போய் உட்கார்ந்தார். "சொன்னா கேக்க மாட்டீங்களே," என்று மேலாளர் அம்மா அலுத்துக்கொண்டார். சுவர்த் திரையில் 'காலை வணக்கம்' மறைந்து 'தணிக்கையாளர் அவர்களே, வருக' என்று ஓடத் தொடங்கியது.

தணிக்கையாளர் கைகளைத் துடைத்துக்கொண்டு திரும்பி வரும்போது அக்கா சோபாவில் இருந்தார்.

அப்போதுதான் உள்ளறையிலிருந்து ஒரு கூச்சல் வந்தது. "வந்துருச்சு! எனக்குத் திறக்குது!"

சாவிக்கொத்து புதுப்பித்தார். திறந்தது. பதினான்கு பேரும் அவரவர் இடத்தில் இருந்தார்கள். இரண்டு வருடம் முன்பு போன வடிவமைப்பாளர்கூடத் திரும்பி வந்து வேலையில் உட்கார்ந்திருந்தார். ஹலோ அண்ணன் இரண்டு தொலைபேசிகளையும் வைத்துவிட்டு, பிடரியைப் பிடித்து விட்டுக்கொண்டார். "போகுது தம்பி. எல்லா முடிவும் போகுது."

சாவிக்கொத்துக்குச் சிரிப்பு வந்தது. கண்ணிலும் ஏதோ வந்தது. "பார்த்தீங்களா சார்! சொன்னேனே! தானா!"

தணிக்கையாளர் லேசில் நம்புகிறவர் அல்லர். மாற்றப் பதிவேட்டைத் திறக்கச் சொன்னார். ஒவ்வொரு மாற்றத்தையும் செய்தது யார் என்று அதில் எழுதியிருக்கும். கடைசி வரியில் எந்த ஆளின் பெயரும் இல்லை. 'செய்தது: மீட்பு ரோல்' என்று மட்டும் இருந்தது.

"மனுஷக் கை படல," என்றார் அவர், மரியாதையோடு.

"படவே படாது சார்."

இந்த முறை சாவிக்கொத்து நிதானமாகச் செய்தார். முதலில் அனுப்பும் சர்வருக்குத் தனி ரோல். அது ஓடுகிறதா என்று ஹலோ அண்ணனிடம் இரண்டு தடவை கேட்டுக்கொண்டார். அப்புறம்தான் வடிவமைப்பாளருக்கு விடை கொடுத்தார். பிறகு மற்றவர்களை ஒவ்வொருவராகக் குழுவில் போட்டார். தன் பெயர் வந்தபோது கையை மேசைமேல் வைத்துக்கொண்டு, தாண்டிப் போனார்.

நான்கு நாற்பதுக்கு அவர் கைபேசி அடித்தது. மனைவி.

"ஏங்க, இன்னைக்கு எவனோ ஒருத்தன் அச்சு அசலா உங்க குரல்லயே பேசி ஓடிபி கேட்டான். நம்ம கல்யாண நாளெல்லாம் கரெக்டாச் சொல்றான். நான் ஏமாறுவேனா?"

"ரொம்ப நல்ல வேலை செஞ்சே," என்றார் சாவிக்கொத்து. மனதாரத்தான் சொன்னார்.

"அவன் சொன்னதை வெச்சுப் பார்த்தா, அடுத்த வாரம் நம்ம கல்யாண நாளு. உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும். நோட்டுல இருக்கு."

தணிக்கையாளர் கடிதத்தை உரக்கப் படித்தார். "இந்நிறுவனத்தில் தேவைக்கு மிகுந்த அனுமதி எவருக்கும் இல்லை. ஊழியர்களின் குடும்பத்தினரும் எச்சரிக்கையுடன் இருக்கப் பயிற்றுவிக்கப்பட்டுள்ளனர். குறிப்பாக, மனிதத் தலையீடு ஏதுமின்றித் தன்னைத் தானே மீட்டுக்கொள்ளும் ஏற்பாட்டை எனது முப்பது ஆண்டு அனுபவத்தில் வேறெங்கும் கண்டதில்லை." கையெழுத்துப் போட்டார். முத்திரை வைத்தார். கைகுலுக்கினார். மேலாளர் அம்மா அவரை வாசல்வரை போய் வழியனுப்பினார். திரும்பி வந்து, சாவிக்கொத்தைப் பார்த்து, அவர் தோளில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு உள்ளே போனார்.

அக்கா தன் நாற்காலிக்குத் திரும்பினார். கடிதத்தை மூன்றாக மடித்து உறைக்குள் வைத்தார். ஓரத்தில் பசை தடவி, ஸ்கேலால் அழுத்தித் தேய்த்து ஒட்டினார். முகவரியை எழுதி, கூரியர்க்காரரிடம் கொடுத்து, ரசீது வாங்கிக்கொண்டார். வண்டி கிளம்பித் தெருமுனை திரும்பும் சத்தம் கேட்டது. மணி ஐந்து.

சாவிக்கொத்து வரவேற்பு மேசையில் சாய்ந்து நின்று, பெருமூச்சு விட்டு, நோட்டைத் திறந்தார். பன்னிரண்டாவது முறை, தானாகச் சரியானது என்று எழுதினார். "ஒண்ணுதாங்கா புரியல. பதினொரு தடவையும் பத்தே நிமிஷத்துல வந்த புரோகிராம், இன்னைக்கு ஏன் ஒண்ணரை மணி நேரம் எடுத்துக்கிச்சு?"

அக்கா ரசீதைக் கோப்பில் குத்தினார்.

"அது தானா ஓடாது சார், 'எல்லாரும் ஒரே நேரத்துல கத்தினா இதை அழுத்துங்கக்கா'ன்னு பழைய அண்ணன் என் மெஷின்ல ஒரு பட்டன் வெச்சுட்டுப் போனாரு, பதினொரு தடவையும் நான்தான் அழுத்தினேன், இன்னைக்கு மட்டும் அந்த மனுஷனை என் சீட்டுல இருந்து எழுப்ப ஆறு டம்ளர் தண்ணி ஆச்சு."